ஆணையும் பொறையும்: சுங்க உரிம வழக்குகளில் நீதிமன்ற அவமதிப்பு

(தசலட்சணப் பருவத்தின் முதல் நாளாகிய உத்தமப் பொறை நாளன்று ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



பொறையைப் பற்றிப் பேசுவதற்கு என்னைவிடத் தகுதியுடைய பண்டிதர்கள் இந்த அவையிலேயே இருக்கின்றனர். ஆயினும் அறக்கட்டளையின் செயலாளர் என்னை விடவில்லை. "நீங்கள் வழக்கறிஞர்; மன்னிப்பு என்ற சொல் உங்கள் சட்டப் புத்தகத்தில் எங்கேனும் உண்டா?" என்று கேட்டார். உண்டு என்றேன். அப்படியானால் அதைப் பற்றியே பேசுங்கள் என்று நாளும் குறித்துவிட்டார். என் தொழிலில் பெரும்பகுதி சுங்கத் துறையோடு நடக்கும் வழக்குகளாகவே கழிந்தது. ஆகவே அங்கிருந்தே தொடங்குகிறேன்.

மன்னிப்பு என்ற சொல் வெளிப்படையாக எழுதப்பட்டிருக்கும் சட்டம் 1971 ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம். நீதிமன்றத்தின் தீர்ப்பையோ ஆணையையோ வேண்டுமென்றே மீறுவதை அது உரிமையியல் அவமதிப்பு என்கிறது. தண்டனை, ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். இன்றைய துறைமுகத்தில் ஒரு கன்டெய்னருக்கு ஒரு நாள் தாமதக் கட்டணம்கூட அந்த 2,000 ரூபாயைத் தாண்டுவதுண்டு. ஆயினும் அந்த மனுவின் பெயரைக் கேட்டாலே அதிகாரிகள் முகம் மாறுகிறது. அபராதம் அதற்குக் காரணமன்று. மற்ற வழக்குகளில் எதிர்மனுதாரர் ஒரு பதவி. இதில் எதிர்மனுதாரர் ஒரு மனிதர். அவர் பெயர் எழுதப்படுகிறது. பதவி மாறிப் போனாலும் அந்தப் பெயர் அவரைத் தொடர்கிறது.

சுங்கத்துக்கும் உரிமத்துக்கும் உள்ள தொடர்பை நம் வீட்டுப் பெண்மணிகளும் மாணவர்களும் அறியும்படி சொல்ல வேண்டும். இரண்டு வகை உரிமங்கள் உள்ளன. வெளிநாட்டிலிருந்து பொருள் வரவழைப்பதற்கான உரிமம் ஒன்று. 1947 ஆம் ஆண்டின் இறக்குமதி ஏற்றுமதிக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் காலத்தில் ஏறக்குறைய எல்லாப் பொருளுக்கும் அது தேவைப்பட்டது. 1992 இல் புதிய சட்டம் வந்தபின் அதன் பிடி பெரிதும் தளர்ந்தது. மற்றொன்று, பிறருடைய சரக்கைச் சுங்கத்தில் விடுவித்துக் கொடுக்கும் தொழிலுக்கான உரிமம். சட்டம் இத்தொழில் செய்வோரைச் சுங்கத் தரகர் என்கிறது. துறைமுகத்தில் கிளியரிங் ஏஜென்ட் என்றால்தான் யாருக்கும் புரியும். 1962 ஆம் ஆண்டுச் சுங்கச் சட்டத்தின் 146 ஆம் பிரிவும் 2018 ஆம் ஆண்டு விதிமுறைகளும் அவர்களுக்குரியவை.

முதல் வகை உரிமத்தைப் பற்றிய ஒரு பழைய வழக்கை எங்கள் தொழிலுக்கு வரும் இளைஞர்களிடம் நான் தவறாமல் படிக்கச் சொல்வேன். கல்கத்தாவின் ஈஸ்ட் இந்தியா கமர்ஷியல் கம்பெனி, நாடு விடுதலை பெற்றதை ஒட்டிய ஆண்டுகளில், அமெரிக்காவிலிருந்து குழல் விளக்குகளையும் அவற்றுக்கான சாதனங்களையும் வரவழைக்க உரிமம் பெற்றது. சொந்தத் தொழிற்சாலையில்தான் பயன்படுத்த வேண்டும், பிறருக்கு விற்கக் கூடாது என்பது உரிமத்தின் நிபந்தனை. விற்றுவிட்டார்கள் என்று குற்ற வழக்குத் தொடரப்பட்டது. உரிமத்தின் நிபந்தனையை மீறுவது அன்றைய சட்டத்தின்படி அச்சட்டத்தின் கீழான ஆணையை மீறிய குற்றமாகாது என்று கல்கத்தா உயர் நீதிமன்றம் கூறிவிட்டது. அத்துடன் முடிந்திருக்க வேண்டும். ஆனால் 1955 இல் சுங்க ஆட்சியர் அதே நிபந்தனை மீறலைக் காரணமாகக் காட்டி, சரக்கை ஏன் பறிமுதல் செய்யக் கூடாது என்று அறிவிக்கை அனுப்பினார். உயர் நீதிமன்றம் மூடிய கதவை மற்றொரு சட்டத்தின் சாவியால் திறக்கப் பார்த்தார்.

வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 1962 இல் பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதிய நீதியரசர் கே. சுப்பா ராவ், ஒரு மாநிலத்தின் உயர் நீதிமன்றம் வகுத்துரைத்த சட்டம் அதன் மேற்பார்வைக்குட்பட்ட அதிகாரிகளையும் தீர்ப்பாயங்களையும் கட்டுப்படுத்தும் என்றார். அதைப் புறக்கணித்துத் தொடங்கும் நடவடிக்கை அதிகாரவரம்பே இல்லாதது என்றார். நீதியரசர் ஏ.கே. சர்க்கார் மாறுபட்ட கருத்தை எழுதினார் என்பதையும் சொல்ல வேண்டும். நேர்மையாகச் சிந்திப்பவர்கள் இருபுறமும் இருக்கக்கூடிய கேள்விதான் அது. பத்தாண்டுகளுக்குப் பின், 1972 இல், ஒரிசாவின் அறநிலைய ஆணையர் ஒருவரைப் பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு படி மேலே சென்றது. மேல்முறையீடு முயற்சியில் இருக்கிறது என்று சொல்லி உயர் நீதிமன்றத் தீர்ப்பை வேண்டுமென்றே பின்பற்றாமல் விடுவது அவமதிப்பே என்று உறுதி செய்தது.

இந்த "மேல்முறையீடு செய்யப் போகிறோம்" என்ற சொல்லுக்கு வருவாய்த் துறைகளில் ஒரு தனி மந்திர சக்தி உண்டு என்ற நம்பிக்கை இன்றும் இருக்கிறது. 1991 இல் காமாட்சி ஃபைனான்ஸ் என்று எங்களிற் பலர் உச்சரிக்கும், உண்மையில் கமலாக்ஷி ஃபைனான்ஸ் வழக்கில், உச்ச நீதிமன்றம் இதைக் கண்டித்தது. மேல் அதிகாரம் படைத்த அமைப்பின் உத்தரவு துறைக்கு ஏற்புடையதாக இல்லை என்பதோ, அதன்மேல் மேல்முறையீடு நிலுவையில் உள்ளது என்பதோ அதைப் பின்பற்றாமைக்குக் காரணம் ஆகாது. தடையாணை பெற்றிருந்தால் மட்டுமே விலக்கு. அது கலால் வரி வழக்கு; ஆனால் கலாலும் சுங்கமும் ஒரே அமைச்சகத்தின் பிள்ளைகள். வணிகர்களும் இதன் மறுபக்கத்தை அறிய வேண்டும். மேல்முறையீட்டோடு தடை கோரும் மனுவும் முறையாகத் தாக்கலாகி நிலுவையில் இருக்கும்போது, அவமதிப்பு மனுவை அவசரமாக முடிக்காமல் அத்தடை மனுவை முதலில் கேட்பதே பொருத்தம் என்று 1995 இல் அதே உச்ச நீதிமன்றம் அறிவுறுத்தியது.

இனி என்னுடைய வழக்கு ஒன்று. ஊரையும் பெயரையும் சொல்ல மாட்டேன்.

ஒரு துறைமுகத்தில் ஒரு கிளியரிங் ஏஜென்ட் இருந்தார். அவருக்குத் தந்தை காலத்திலிருந்தே அதுதான் தொழில். ஒன்பது பேர் வேலை பார்த்தனர். புதிதாக வந்த இறக்குமதியாளர் ஒருவர் சரக்கை ஒன்று என்று எழுதி வேறொன்றைக் கொண்டுவந்திருந்தார். பில் ஆஃப் என்ட்ரி தாக்கல் செய்தவர் இவர். இவருடைய உரிமம் உடனே இடைநிறுத்தப்பட்டது. விதிமுறை என்ன சொல்கிறது? உடனடி நடவடிக்கை தேவைப்படும் நேர்வில் ஆணையர் இடைநிறுத்தலாம். ஆனால் பதினைந்து நாட்களுக்குள் அவரை அழைத்து விசாரிக்க வேண்டும். விசாரித்த பதினைந்து நாட்களுக்குள் இடைநிறுத்தம் தொடருமா நீங்குமா என்று உத்தரவிட வேண்டும். உரிமத்தை ரத்து செய்யும் நடவடிக்கைக்கும் தொண்ணூறு தொண்ணூறு நாட்களாக மூன்று படிகள் வகுத்திருக்கிறார்கள். இந்தக் கால வரம்புகள் கட்டாயமானவை என்று சென்னை, டெல்லி உயர் நீதிமன்றங்கள் கூறியிருக்கின்றன. 2018 இல் பம்பாய் உயர் நீதிமன்றம் அவை வழிகாட்டுவன மட்டுமே என்றது. எம் கட்சிக்காரருக்குப் பதினைந்து நாள் கடந்தும் அழைப்பு வரவில்லை. இரண்டு மாதம் சென்றது. உரிமம் இல்லாத கிளியரிங் ஏஜென்ட், ஏர் இல்லாத உழவர்.

நான் ரிட் மனு தாக்கல் செய்தேன். இங்கே என் தவறு வருகிறது. இடைநிறுத்தத்தையே நீக்கக் கோருவதை விட்டு, விரைவில் முடியட்டும் என்று, எங்கள் விண்ணப்பத்தைப் பரிசீலிக்க உத்தரவிட்டால் போதும் என்று நீதிமன்றத்தில் சொன்னேன். நான்கு வாரங்களுக்குள் பரிசீலித்து உத்தரவு பிறப்பிக்குமாறு நீதிமன்றம் ஆணையிட்டது. வென்றோம் என்று வீட்டுக்கு வந்தோம். ஏழு வாரம் ஆயிற்று, ஒன்றும் நடக்கவில்லை. அவமதிப்பு மனு போட்டேன். விசாரணைக்கு முந்தைய நாள் மாலை ஒரு கடிதம் வந்தது. பரிசீலிக்கப்பட்டது, நிராகரிக்கப்படுகிறது. அவ்வளவுதான். மறுநாள் அவமதிப்பு மனு முடித்துவைக்கப்பட்டது. அது சரியே. ஆணையின்படி ஓர் உத்தரவு பிறப்பிக்கப்பட்டுவிட்டால், அது தவறான உத்தரவாக இருந்தாலும், அதை எதிர்க்கப் புதிய வழக்குத்தான் வழி. அவமதிப்பு மனு ஆகாது என்று 1996 இலேயே உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்தார்கள். நான் கேட்டதுதான் எனக்குக் கிடைத்தது.

அன்று நீதிமன்றத் தாழ்வாரத்தில் அவர் என்னிடம் கோபிக்கவில்லை. "ஐயா, ஒரு சொல்லுக்கு இத்தனை மாதமா?" என்று மட்டும் கேட்டார். அதன்பின் ஆணையில் உள்ள வினைச்சொல்லைப் பார்க்காமல் எந்த மனுவையும் நான் எழுதியதில்லை.

இரண்டாவது ரிட் மனுவில் இடைநிறுத்தமே ரத்தாயிற்று. ஒரு வாரத்துக்குள் உரிமத்தைக் கணினியில் மீண்டும் செயல்பட வைக்க வேண்டும் என்று தெளிவான ஆணை. இதற்குள் அவரிடம் இருந்த ஒன்பது பேரில் மூவர் போய்விட்டனர். அவர்களில் ஒருவர் பதினெட்டு ஆண்டு கணக்கு எழுதியவர். ஒரு வாரம் கடந்தது. மூன்று வாரம் கடந்தது. மேல்முறையீட்டுக்குக் கோப்பு அனுப்பியிருக்கிறோம் என்றது அலுவலகம். தடையாணை ஏதும் இல்லை. மீண்டும் அவமதிப்பு மனு. இம்முறை பிடி நழுவ இடமில்லை.

மனு விசாரணைக்கு வரும்போது ஆணையை மீறிய அதிகாரி மாற்றலாகிப் போயிருந்தார். அவருடைய இடத்துக்கு வந்தவரையும் சேர்த்தே மனுவில் எழுதியிருந்தோம். இது பற்றியும் ஒரு சொல். அதிகாரியை நேரில் நிற்கவைத்துப் பார்க்க வேண்டும் என்று வழக்காடுவோர் பலர் விரும்புகின்றனர். 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், அரசு அதிகாரிகளை வழக்கமாக நேரில் அழைக்கக் கூடாது, தேவைப்பட்டால் முதலில் காணொலி வழியாக அழைக்கலாம் என்று நெறிமுறை வகுத்துவிட்டது. எனக்கு இது சரியாகவே படுகிறது. நிற்கவைத்து அவமானப்படுத்துவதில் நம் பக்கத்துக்கு வருவது கொஞ்ச நேர மகிழ்ச்சி, அது கஷாயம்.

மாற்றலாகிச் சென்ற அதிகாரி மன்னிப்புக் கேட்டு உறுதிமொழிப் பத்திரம் தாக்கல் செய்தார். பன்னிரண்டு பக்கம். கோப்புகளின் மிகுதி, ஆள் பற்றாக்குறை, தம் உடல்நிலை, இத்தனைக்கும் பிறகு கடைசிப் பத்தியில் நிபந்தனையற்ற மன்னிப்பு. மேல்முறையீட்டுக்குப் பரிந்துரைத்த குறிப்பின் தேதியை மட்டும் காணவில்லை. அந்தக் குறிப்பு எங்கள் கையில் இருந்தது. எங்கள் ஆணை வந்து பத்து நாள் கழித்துத்தான், அதாவது ஒரு வாரக் கெடு முடிந்த பின்புதான், அது எழுதப்பட்டிருந்தது.

அந்தப் பன்னிரண்டு பக்கங்களைப் படித்தபோது எனக்கு நம் ஆராதனை நூல் நினைவுக்கு வந்தது. குருவிடம் குற்றத்தை எடுத்துரைப்பதை ஆலோசனை என்கிறோம். தத்துவார்த்த சூத்திரம் எண்ணும் ஒன்பது பிராயச்சித்தங்களுள் அதுவே முதலாவது. அந்த ஆலோசனையிலேயே பத்துக் குற்றங்கள் நேரக்கூடும் என்று பகவதி ஆராதனை எச்சரிக்கிறது. முதலில் வருவது ஆகம்பிதம்: குருவின் இரக்கத்தை முன்னரே கிளறிவிட்டு, சிறு தண்டனை பெறும் நோக்கோடு குற்றத்தைச் சொல்வது. மற்றொன்று, பிறர் கண்டுவிட்ட குற்றத்தை மட்டும் சொல்லிக் காணாததை மறைப்பது. அந்தப் பத்திரத்தில் இரண்டும் இருந்தன.

சட்டமும் இந்த இடத்தில் நெடுநாள் தடுமாறியே வந்திருக்கிறது. 1954 இல் எம்.ஒய். ஷெரீஃப் வழக்கில் உச்ச நீதிமன்றம், செய்தது சரி என்று வாதிடுவதும் மன்னிப்புக் கேட்பதும் ஒன்றாக நிற்க முடியாது என்றது. மன்னிப்பு உள்ளத்தின் வருத்தமாக இருக்க வேண்டும், தற்காப்புக் கருவியாக அன்று என்றது. 1971 ஆம் ஆண்டுச் சட்டம் சற்று இளகியது. 12 ஆம் பிரிவு, நீதிமன்றத்துக்கு மனநிறைவு தரும் வகையில் மன்னிப்புக் கேட்டால் விடுவிக்கலாம் என்கிறது. நல்லெண்ணத்தோடு கேட்கப்பட்டிருந்தால், நிபந்தனையோடு கேட்டார் என்பதற்காக மட்டும் தள்ளிவிடக் கூடாது என்றும் விளக்கம் சேர்த்திருக்கிறது. இந்த இளக்கம் நல்லது என்பது என் கருத்து. மனிதர் முழு மனத்தோடு வருந்துவதற்குச் சற்றுக் காலம் பிடிக்கிறது. முதற்படியிலேயே கதவைச் சாத்திவிட்டால் இரண்டாம் படிக்கு யாரும் வரமாட்டார்.

நீதிபதி அந்தப் பத்திரத்தைத் திருப்பித் தந்தார். இது விளக்கம் என்றார். இரண்டு வாரத்தில் வந்த இரண்டாவது பத்திரம் ஒன்றரைப் பக்கம். ஆணை வந்தது தெரியும். கெடு முடிந்தது தெரியும். தடையாணை இல்லை என்பதும் தெரியும். செய்திருக்க வேண்டும், செய்யவில்லை. அதற்கு முன்பே, புதிதாகப் பொறுப்பேற்றவர் உரிமத்தைத் திறந்துவிட்டிருந்தார்.

நீதிபதி எம் கட்சிக்காரரை நோக்கி, மன்னிப்பை ஏற்பதில் உங்களுக்கு மறுப்பு உண்டா என்று கேட்டார். சட்டப்படி கேட்க வேண்டிய கட்டாயமில்லை. அவமதிக்கப்பட்டது நீதிமன்றம், மன்னிப்பதும் நீதிமன்றமே, மனுதாரர் செய்தி கொண்டுவந்தவர் மட்டுமே. ஆயினும் கேட்டார். எம் கட்சிக்காரர் எழுந்து, "என் பங்கை நான் மன்னித்துவிட்டேன், ஐயா. வேலை போன மூன்று பேர் இருக்கிறார்கள். அவர்கள் பங்கை நான் எப்படி மன்னிப்பது?" என்றார்.

நீதிமன்றம் சிறிது நேரம் அமைதியாக இருந்தது. பின் மன்னிப்பை ஏற்று மனு முடித்துவைக்கப்பட்டது. மூன்று பேரின் பங்குக்கு அந்தச் சட்டத்தில் இடமில்லை. அவமதிப்பை விசாரிக்கும் நீதிமன்றம் மூல ஆணையின் நான்கு மூலைகளைத் தாண்டிப் புதிய நிவாரணம் எதையும் தர முடியாது; சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற ஒரு வழக்கிலேயே, 2014 இல், உச்ச நீதிமன்றம் இதை வலியுறுத்தியிருக்கிறது. இழந்த வருமானத்துக்குத் தனியே உரிமையியல் வழக்குத் தொடரலாம். எத்தனை சிறு தொழிலர்கள் அதற்குத் துணிவர்? நல்ல சட்டத்தில் இது ஒரு குறை என்றே நான் கருதுகிறேன்.

அவர் பக்கத்துக் குறையையும் நான் மறைத்தால் இந்த நாளில் பேசுவதற்குப் பொருளில்லை. கட்சிக்காரரின் அடையாளத்தையும், கூறிய முகவரியில் அவர் தொழில் நடத்துகிறாரா என்பதையும் நம்பத்தக்க ஆவணங்களால் சரிபார்க்க வேண்டும் என்பது 2018 விதிமுறைகளில் கிளியரிங் ஏஜென்டின் கடமை. அவர் சரிபார்க்கவில்லை. பழைய நண்பர் ஒருவர் அனுப்பிய ஆள் என்று கையெழுத்திட்டுவிட்டார். பின்னர் நடந்த முறையான விசாரணையில் அதற்குரிய அபராதத்தைக் கட்டினார். மேல்முறையீடு செய்யலாமா என்று நான் கேட்டபோது வேண்டாம் என்றார்.

நம் முன்னோர் கள்ளாமை விரதத்துக்குக் கூறிய ஐந்து அதிசாரங்களில் விருத்த ராஜ்ய அதிக்கிரமம் ஒன்று. உமாசுவாமியின் சூத்திரத்துக்கு உரை கண்ட பூச்சியபாதர், குறைந்த விலைக்குக் கிடைக்கும் உயர்ந்த பொருளை நியாய வழி பிறழ்ந்து பெற முயல்வதோடு அதைத் தொடர்புபடுத்துகிறார். சமந்தபத்திரரின் இரத்தினகரண்டகம் அரசின் நெறியை அழிப்பதை விலோபம் என்று சொல்லி இதே வரிசையில் வைக்கிறது. அதன் வழிவந்த நம் அருங்கலச்செப்பைச் சிறுவயதில் மனப்பாடம் செய்தவர்கள் இங்கே பலர் இருப்பீர்கள். துறைமுகமும் கன்டெய்னரும் இல்லாத காலத்தில் எழுதியவர்கள், எல்லையில் நடக்கும் திருட்டைத் தனியே பெயரிட்டு வைத்திருக்கின்றனர். சுங்க வரியைத் திருடுபவர் யார் வீட்டிலும் புகவில்லை, ஆகவே அது திருட்டன்று என்று வாதிடும் வணிகர்களை நான் கண்டிருக்கிறேன். நம்மவர்களும் அதில் உண்டு.

பயன்படும் செய்தி ஒன்றைச் சொல்லி முடிக்கிறேன். அவமதிப்பு நிகழ்ந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனுவைத் தாக்கல் செய்ய வேண்டும். 20 ஆம் பிரிவு அப்படித்தான் விதிக்கிறது. அதிகாரி மனம் மாறுவார் என்று காத்திருந்தே அந்த ஓராண்டைக் கழித்தவர்கள் உண்டு. ஆணையின் நகல் கையில் கிடைத்ததும் அதை ஒப்புகையோடு அலுவலகத்தில் சேர்த்துவிடுங்கள். ஆணை தெரியாது என்று பின்னர் சொல்ல இடமிருக்கக் கூடாது. ஒப்புகைச் சீட்டைப் பத்திரமாக வையுங்கள்.

அந்த மூவரைப் பற்றி என்னிடம் பின்னர் சிலர் கேட்டதுண்டு. கணக்கர் திரும்பி வந்தார். ஓர் இளைஞர் வேறு ஊருக்குப் போய்விட்டார். மூன்றாமவரைத் தேடி எம் கட்சிக்காரர் இருமுறை அவருடைய ஊருக்குச் சென்றார், வீடு பூட்டியிருந்தது.

பூசைக்கு மணி அடிக்கும் நேரமாயிற்று.